ஏற்காடு படத்துக்குப் பின்னணி இசை: டுடுக், உருமி, வாட்டர்ஃபோன், தொண்டைப் பாட்டு... மலை ஈரத்தில் எப்படிப் பதிவு செய்வது?

சில்வர்ஓக்:

வணக்கம். ஏற்காட்டில் ஒரு காபி எஸ்டேட், அதற்குள் ஒரு பழைய பங்களா, கதை முழுக்க அங்கேதான். 96 நிமிடத் திகில் படம். வசனம் குறைவு, பாட்டு கிடையாது. பின்னணி இசை 22 இடங்களில், மொத்தம் 38 நிமிடம். இயக்குநர் சொன்ன ஒரே குறிப்பு: “காற்று எங்கே நின்றது, இசை எங்கே தொடங்கியது என்று தெரியக் கூடாது.” வயலின் கூட்டமும் பியானோவும் வேண்டாம் என்பதில் எல்லோருக்கும் ஒரே கருத்து.

யோசித்து வைத்திருக்கும் கருவிகள் இவை: சீவாளி (நாணலில் செய்த ஊதுவாய்) வைத்த ஆர்மேனியக் குழலான டுடுக் (ஏ சுருதி, நம் கணக்கில் ஆறு கட்டை), சங்கு, உருமி, முகவீணை (பெயர்தான் வீணை, நாகஸ்வரம் போல ஊதும் சின்னக் கருவி), தம்பூரா, வில் போட்டு இழுக்கும் தாளத் தட்டுகள், வாட்டர்ஃபோன். குரலுக்கு ரஷ்யாவின் துவாப் பகுதித் தொண்டைப் பாட்டும் நம் குலவையும். பாதிப் பதிவு சேலத்தில் ஒரு சின்ன ஸ்டுடியோவில், மீதி அந்த பங்களா ஹாலிலேயே. ஹால் 18க்கு 14 அடி, உயரம் 11 அடி, மரத்தளம். பதிவு நவம்பரில், அதாவது மழையும் பனியும் சேர்ந்த நேரம்.

சோதனைப் பதிவில் தெரிந்த சிக்கல்கள். டுடுக் சேலத்தில் சுருதி சரியாக இருக்கிறது. மேலே போனதும் தொடக்கத்திலேயே 15 சென்ட் (அரைச்சுரத்தில் நூறில் ஒரு பங்கு ஒரு சென்ட்) இறங்கி நிற்கிறது, அரை மணி நேரத்தில் 35 சென்ட். உருமித் தோல் தொய்ந்து, தேய்க்கும் குச்சி வழுக்குகிறது. ஹாலில் எதைப் பதிவு செய்தாலும் 80 ஹெர்ட்ஸ் பக்கம் ஒரு குமுறல். வாட்டர்ஃபோன் வாங்குவதற்குப் பதில் சேலத்திலேயே செய்துவிட முடியுமா? தொண்டைப் பாட்டுக்குச் சாம்பிள் லைப்ரரி (முன்பே பதிந்து விற்கும் ஒலித் தொகுப்பு) போதுமா? எந்த வரிசையில் பதிவு செய்வது?

---

ஓட்டுக்கூரை:

குமுறலிலிருந்து தொடங்குகிறேன், அது வெறும் கணக்கு. 14 அடி என்பது சுமார் 4.27 மீட்டர். ஒலியின் வேகத்தை அதன் இரு மடங்கால் வகுத்தால் 40 ஹெர்ட்ஸ்; அதன் இரட்டிப்புதான் உங்கள் 80. இந்த இரண்டாம் நிலை அதிர்வு, சுவரை ஒட்டியும் அறையின் நட்ட நடுவிலும் உச்சத்தில் இருக்கும். 14 அடியில் கால் பங்கு தள்ளி, அதாவது பக்கச் சுவரிலிருந்து மூன்றரை அடியில் ஏறக்குறைய காணாமல் போகும். பெரும்பாலும் எல்லோரும் மைக்கை ஹாலின் நடுவில்தான் வைப்பார்கள், அங்கேதான் அடி வாங்குகிறோம். மைக்கை மூன்றரை அடிக் கோட்டுக்கு நகர்த்துங்கள். வாசிப்பவரும் நடுவில் உட்கார வேண்டாம்.

அதற்குப் பிறகும் மிச்சம் இருந்தால் மூலைகளுக்கு ராக்வுல் (ஒலியை உறிஞ்சும் பாறை இழைப் பலகை), கனமீட்டருக்கு 48 கிலோ அடர்த்தி, 100 மில்லிமீட்டர் கனம், சுவரிலிருந்து ஒரு சாண் இடைவெளி விட்டு. இலவம்பஞ்சு மெத்தையைச் சாய்த்து வைப்பதும் நல்லதுதான், ஆனால் அது மேல் அதிர்வெண்களைத்தான் குடிக்கும், 80ஐ அசைக்காது. நாலு பக்கமும் மெத்தை சாத்திவிட்டு “இன்னும் குமுறுகிறதே” என்று கேட்பவர்கள் அதிகம். அதோடு அந்த மரத்தளத்தின் மினுக்கமும் போய்விடும். அந்த மினுக்கத்துக்காகத்தானே மலைக்கு ஏறுகிறீர்கள், அதைக் கொல்லாதீர்கள்.

பதிவு வரிசைக்கு ஒரே விதி: சுருதி நகராததை முதலில், நகர்வதைப் பிறகு. சங்குக்குச் சுருதி ஒன்றுதான். வாய்ப்பக்கம் கையை உள்ளே விட்டால் கொஞ்சம் இறங்கும், ஏறாது. எனவே முதலில் சங்கை ஊதி ட்யூனரில் எத்தனை சென்ட் விலகல் என்று குறித்துக்கொள்ளுங்கள். ஆறு கட்டைக்கு 40 சென்ட் தள்ளி நின்றால் படத்தின் ஆதார சுருதியையே அங்கே கொண்டுபோய் வையுங்கள். தம்பூராவும் குரலும் எங்கே கூப்பிட்டாலும் வரும், டுடுக் ஓரளவு வரும், சங்கு வராது. கணினியில் சங்கை நகர்த்தலாமே என்று தோன்றும். செய்தால், ஊதத் தொடங்கும்போது வரும் அந்த உறுமலும் எச்சில் சத்தமும் ரப்பர் போல இழுபடும். கேட்பவருக்குக் காரணம் தெரியாது, ஆனால் பொய் என்று தெரிந்துவிடும்.

படத்துக்கு 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸ் போதும். பிறகு வேகம் குறைத்துச் சுருதி இறக்கப்போகிற எதையும் 96ல் எடுங்கள். உச்சம் மைனஸ் 12 டிபியைத் தாண்ட வேண்டாம். உருமியும் குலவையும் சொல்லாமல் கொள்ளாமல் எகிறும்.

---

ஆர்கான்_வேலை:

வாட்டர்ஃபோன் தாராளமா செய்யலாம்ங்க, அதுவும் சேலத்துல. ரிச்சர்ட் வாட்டர்ஸ்னு ஒரு அமெரிக்கர் 1960கள் கடைசியில கண்டுபிடிச்சது. அடிப்படை ரொம்ப எளிசு: தண்ணி இருக்கற ஒரு மூடின கிண்ணம், சுத்தி நட்ட கம்பிங்க, நடுவுல கைப்பிடிக் குழாய்.

8 அங்குல விட்டம், 0.8 மில்லி கனம், ரெண்டு எவர்சில்வர் கிண்ணம் எடுங்க. செவ்வாய்ப்பேட்டைப் பாத்திரக் கடையில தட்டிப் பாத்தே வாங்கலாம். தட்டினா மணியா நிக்கணும், ‘டப்’னு செத்தா அந்தக் கிண்ணம் வேண்டாம். ஒண்ண நேரா, ஒண்ணக் கவுத்து வச்சு விளிம்போட விளிம்பு ஒட்டணும். மேல் கிண்ணத்து நடுவுல ஓட்டை போட்டு ஒண்ணரை அங்குலக் குழாய், ஒரு அடி நீளம். தண்ணி ஊத்தறதும் அது வழியாத்தான். எல்லாமே ஆர்கான் வெல்டிங். சாதா ராடு வெல்டிங் வச்சா 0.8 மில்லித் தகடு பொத்துக்கும்.

கம்பி 4 மில்லி எவர்சில்வர் ராடு, 26 எண்ணம். 8 அங்குலக் கிண்ணத்தோட சுத்தளவு 63 சென்டிமீட்டர் வருது, அப்போ கம்பிக்குக் கம்பி 2.4 சென்டிமீட்டர். இதுக்கு மேல நெருக்கினா வில் ஒரே நேரத்துல ரெண்டு கம்பியத் தொடும். நீளம் 8லிருந்து 25 சென்டிமீட்டர் வரை, ஒழுங்கா ஏறு வரிசையில வைக்காதீங்க, கலைச்சு வைங்க. வரிசையா வச்சா கை தானா சரளி வரிசை வாசிக்க ஆரம்பிச்சுடும், அப்புறம் பயமும் வராது மர்மமும் வராது.

நீளத்துக்கும் சுருதிக்கும் உள்ள கணக்கு தந்தி மாதிரி இல்ல. தந்தியப் பாதியாக்கினா ஒரு ஸ்தாயி ஏறும். ஒரு முனை மட்டும் ஒட்டின கம்பியப் பாதியாக்கினா ரெண்டு ஸ்தாயி ஏறும். 20 சென்டிமீட்டர் கம்பியில ஒரு சென்டிமீட்டர் வெட்டினாலே கிட்டத்தட்ட ரெண்டு அரைச்சுரம் போயிடும். அதனால நீளமா ஒட்டிட்டு அரத்தால கொஞ்சங்கொஞ்சமாக் குறைங்க. இன்னொண்ணு, 20 சென்டிமீட்டர் கம்பியோட அடிச் சுரம் கணக்குப்படி 70 ஹெர்ட்ஸ் பக்கம். ஆனா வில் பிடிக்கிறது பெரும்பாலும் அதுக்கு மேல இருக்கற அதிர்வ, அது ஆறேகால் மடங்கு, 430 பக்கம். அந்த ஆறேகால் எந்தச் சுரத்துலயும் உக்காராது. வாட்டர்ஃபோன் கேட்டா மயிர் கூச்செறியறதுக்குக் காரணமே அதுதான்.

கெட்டுப்போற இடம் மூணு. வரிசையா வெல்டு அடிச்சிட்டே வந்தா சூட்டுல விளிம்பு கோணிடும். ஒண்ணு இங்க வச்சா அடுத்தது நேரெதிர்ல வைங்க. கம்பியச் சுத்தி முழுசா வெல்டு ஓடலேன்னா ஒரு ‘ஜிர்ர்’ சத்தம் வரும், அது மைக்ல மட்டும்தான் தெரியும், அப்போ காலம் கடந்திருக்கும். கம்பி முனைய உருட்டி அரம் போடலேன்னா வில்லோட முடி அறுந்துடும். வில் செல்லோவுக்கானது, ராசின் (வில் முடியில தடவற பிசின்) வழக்கத்தைவிட ரெண்டு மடங்கு. வயலின் வில்லு இலேசு, கம்பியப் பிடிக்காது.

தண்ணி 150லிருந்து 200 மில்லி. அரை லிட்டர் ஊத்தினா கிண்ணமே ஊமையாயிடும். வாசிச்சுக்கிட்டே லேசாச் சாய்ச்சா தண்ணி ஓடும், சுருதி வழுக்கும். வெல்டிங் முடிஞ்சதும் ஒரு ராத்திரி தண்ணி ஊத்தி வச்சு ஒழுகுதான்னு பாருங்க, ப்ரீஆம்ப் (மைக் சத்தத்தப் பெருக்கற பெட்டி) மேல சொட்டக் கூடாது.

தாளத் தட்டு இழுக்கறதுக்கு: நடுக் குமிழ இடது கையால அழுத்திப் பிடிச்சு, விளிம்புல வில்ல செங்குத்தா, மெதுவா, அழுத்தமா. நம்ம சேகண்டி கனம் அதிகம், விளிம்புல வில் பிடிக்காது. அதுக்கு எகிறற ரப்பர் பந்து ஒண்ண மூங்கில் குச்சியில குத்தி, தட்டு முகத்துல தேய்ச்சு இழுங்க. திமிங்கிலம் முனகற மாதிரி வரும். ரொம்ப அமுக்கினா கீச்சுனு கத்தும். குச்சி வளையற அளவு அழுத்தம் போதும். கூடவே நம்ம ஊர்க் கொலுசுச் சங்கிலி, மணி வைக்காதது, ஒரு கைப்பிடி எடுத்துப் பித்தளைத் தாம்பாளத்துல மெதுவா வழியவிட்டுப் பதிவு பண்ணுங்க. காபிச் செடியிலேருந்து பனி சொட்டற சத்தத்துக்கு அதவிட நல்லது கிடைக்காது.

---

சீவாளி:

டுடுக் இறங்குவதற்கு இரண்டு காரணம். இரண்டையும் ஒன்றாக நினைத்துச் சரிசெய்யப் போனால் எதுவும் சரியாகாது.

தொடக்கத்திலேயே வரும் 15 சென்ட், குளிர். சேலத்தில் 28 டிகிரியில் சுருதி சேர்த்துவிட்டு மேலே 18 டிகிரியில் வாசித்தால், காற்றில் ஒலியின் வேகம் குறைவதால் மட்டுமே கிட்டத்தட்ட 30 சென்ட் இறங்க வேண்டும். மூச்சின் வெப்பம் அதில் பாதியைத் திருப்பித் தருகிறது, மீதி 15 நிற்கிறது. இதற்கு மருந்து: வாசிப்பதற்கு முன் பத்து நிமிடம் குழலை ஸ்வெட்டருக்குள் உடம்போடு வைத்துக்கொள்வது, இடைவேளையில் மேசை மேல் போடாமல் இருப்பது. ஹீட்டரை நேராகக் காட்ட வேண்டாம். டுடுக் செய்வது ஆப்ரிகாட் மரத்தில். ஒரு பக்கச் சூட்டில் வெடிப்பு விடும்.

பிறகு இறங்கும் 20 சென்ட், சீவாளி. ஆர்மேனியர்கள் அதை கமிஷ் என்பார்கள். நாகஸ்வரச் சீவாளியைவிடப் பல மடங்கு பெரியது, சுமார் 10 சென்டிமீட்டர் நீளம், ஒரே நாணல் தண்டை முனையில் தட்டையாக்கிச் செய்தது. ஈரம் ஏற ஏற வாய் திறந்துகொள்ளும். திறந்தால் சுருதி இறங்கும், மூச்சும் அதிகம் பிடிக்கும். வறண்ட ஊரில் வாசிப்பதற்கு முன் உள்ளே நாலு சொட்டுத் தண்ணீர் விட்டு, உதறி, கால் மணி நேரம் நிறுத்தி வைக்க வேண்டும் என்று எல்லா வகுப்பிலும் சொல்வார்கள். நவம்பர் ஏற்காட்டில் அதைச் செய்யாதீர்கள். அங்கே காற்றே நனைத்துவிடும். உறையிலிருந்து எடுத்து, உதட்டில் ஒரு நிமிடம் வைத்தால் போதும். வாய்த் திறப்பு நடுவில் 2 மில்லிமீட்டர் இருக்கிறதா என்று பாருங்கள். 3ஐத் தொட்டால் மூடியைப் போட்டு ஐந்து நிமிடம் வையுங்கள், அது வாயை நெருக்கிவிடும். இடுப்பில் சுற்றியிருக்கும் வளையத்தை வாய்ப்பக்கம் கொஞ்சம் நகர்த்தினாலும் திறப்பு குறைந்து சுருதி ஏறும். இரண்டு கமிஷ் வைத்துக்கொண்டு இருபது நிமிடத்துக்கு ஒரு முறை மாற்றுங்கள். இரவில் காற்றுப் புகாத டப்பாவில் பூட்டினால் மூன்றாம் நாள் பூஞ்சணம். துணிப்பையில், சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு.

டுடுக்கைத் தனியாக ஒருவர் வாசிப்பது வழக்கமில்லை. இன்னொருவர் ஆதாரச் சுரத்தை மூச்சு விடாமல் பிடித்துக்கொண்டிருப்பார். அவர்கள் அதை தம் என்கிறார்கள், நம் ஊர் ஒத்துதான் அது. அந்த இரண்டாவது குழல் இல்லாமல் தம்பூராவை மட்டும் கீழே வைத்தால் டுடுக் அனாதையாக நிற்கும், கஜல் பின்னணி போல ஆகிவிடும். கூலி கொடுத்து இரண்டாவது ஆளைக் கூட்டிவாருங்கள். கன்னத்தில் காற்றைத் தேக்கி மூக்கால் மூச்சிழுக்கும் வித்தை நம் நாகஸ்வரக்காரர்களுக்குக் கைவந்தது. ஒத்து ஊதிப் பழகியவருக்கு தம் பிடிக்க இரண்டு நாள் பழக்கம் போதும். அவருக்குச் சொல்ல வேண்டியது ஒன்றே: காற்றின் அழுத்தத்தைப் பாதியாகக் குறைக்கவும்.

உருமி: நீங்கள் தேர்ந்தெடுத்ததிலேயே சிறந்தது இதுதான். ஹாலிவுட்டில் தோலில் கயிறு கட்டி இழுத்து உறும வைக்கும் ஒரு முரசு உண்டு. நம்மிடம் வளைந்த குச்சியால் தேய்க்கும் உருமி அதைவிடப் பேசும். தோல் தொய்ந்தால் பறையைப் போல் நெருப்பில் காட்ட வேண்டாம். 100 வாட் குண்டு பல்பை ஒரு அடி தள்ளி வைத்து, திருப்பித் திருப்பிப் பதினைந்து நிமிடம். தேய்க்கும் முகத்தைத் துணியால் ஒற்றி எடுத்துவிட்டு, விளக்கெண்ணெயை விரலில் தொட்டு நடுவில் மட்டும். ஈரத்தோடு எண்ணெயும் சேர்ந்தால்தான் குச்சி வழுக்குகிறது. மைக் 40 சென்டிமீட்டர் தள்ளி, தேய்க்கும் முகத்துக்குச் சாய்வாக. நேராக வைத்தால் குச்சியின் கரகரப்பு மட்டும் வரும், வயிற்றைப் பிசையும் அந்த அடிநாதம் வராது.

முகவீணை சின்னக் கருவி, குரல் கூர்மை. அதை 96 கிலோஹெர்ட்ஸில் பதிந்து பாதி வேகத்தில் ஓடவிட்டால் ஒரு ஸ்தாயி இறங்கி, டுடுக்குக்குப் பங்காளி போல ஒரு குரல் வரும். கவனிக்க வேண்டியது கமகம்: வேகம் பாதியாவதால் அசைவின் வேகமும் பாதியாகும். வாசிப்பவர் இரு மடங்கு வேகத்தில் அசைக்க வேண்டும். அவருக்கு ஒரு முறை பாதி வேகத்தில் போட்டுக் காட்டிவிடுங்கள், பிறகு விளக்கமே தேவைப்படாது. இரட்டைச் சீவாளிக் கருவிகள் எல்லாவற்றுக்கும் ரிப்பன் மைக் இருந்தால் அதுதான். ஆனால் அரை வேகத்துக்கு எடுக்கும்போது மட்டும் சிறு டயாஃப்ரம் கண்டென்சர் மைக், ஏனென்றால் ரிப்பன் மேலே அதிகம் பிடிக்காது; பாதியாக்கினால் மந்தமாகிவிடும்.

---

சில்வர்ஓக்:

மிக்க நன்றி. நடுவில் மைக் வைத்ததுதான் தவறு, புரிந்தது. இன்னும் இரண்டு கேள்வி. தம்பூராவை மீட்டும் ஓசை இல்லாமல், மூச்சு போல நீளமாக ஒலிக்க வைக்க கிதாருக்கான ஈபோ (தந்தியைத் தொடாமல் ஆட்டும் கைக்கருவி) பயன்படுமா? பனிமூட்டக் காட்சிகளுக்கு ரிவெர்பில் (சேர்க்கும் எதிரொலியில்) மேல் அதிர்வெண்களை வெட்டி மங்கலாக்குவது சரியா?

---

மந்தரசாதகம்:

குரல் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

தொண்டைப் பாட்டுக்குச் சாம்பிள் லைப்ரரி வேண்டாம். அவற்றில் இருப்பவை ஒரு சில பாடகர்களின் சில தொடர்கள்தான்; அதே தொடர் எத்தனையோ படங்களிலும் விளம்பரங்களிலும் வந்தாயிற்று. உங்கள் படத்துக்குத் தேவை ஒரு தொடர்கூட இல்லை, நீண்ட இரண்டே சுரம். அதைப் பாடகரிடமிருந்தே வாங்கலாம்.

துவாப் பாணியில் உங்களுக்குப் பயன்படுவது இரண்டு. கார்கிரா என்பது அடிக்குரல். குரல்நாணுக்கு மேலே இருக்கும் பொய்க் குரல்நாண்கள் பாதி வேகத்தில் அதிர்ந்து, பாடும் சுரத்துக்கு ஒரு ஸ்தாயி கீழே இன்னொன்றைச் சேர்க்கும். சிகிட் என்பது சீழ்க்கை போல மேலே தனித்து ஒலிப்பது. அது புதிய சுரம் அல்ல, அடிச்சுரத்தின் மடங்குகளில் ஒன்றை வாயின் வடிவத்தால் பெரிதாக்குவது. 165 ஹெர்ட்ஸில் பாடினால் 6, 8, 9, 10, 12 ஆகிய மடங்குகள் முறையே 990, 1320, 1485, 1650, 1980இல் நிற்கும். இதில் 11ஐ விட்டுவிடுவார்கள், அது இரண்டு சுரத்துக்கு நடுவே விழும். உங்கள் ஆறு கட்டை 220 ஹெர்ட்ஸ் என்றால் பாடகரை 110இல் நிறுத்தினால் மடங்குகள் நெருக்கமாகி எடுப்பாகத் தெரியாது. 165இல், அதாவது பஞ்சமத்தில் நிறுத்துங்கள். டுடுக்கோடும் இடிக்காது.

நம் பாடகர்களிடம் கேட்டுப் பார்க்கலாமா? மந்தர சாதகம் (கீழ் ஸ்தாயிப் பயிற்சி) செய்து பழகியவர்களுக்கு ஓரளவு வரும். ‘ழ்’ சொல்லும்போது நாக்கு எங்கே வளைந்து நிற்கிறதோ அங்கேயே நிறுத்தி, ‘ஊ’விலிருந்து ‘ஈ’க்கு மிக மெதுவாக உதட்டை நகர்த்தச் சொல்லுங்கள். நடுவே எங்கோ ஒரு சீழ்க்கை எழும். தமிழ் பேசுபவர்களுக்கு இந்த நாக்கு வளைவு பழக்கத்திலேயே இருக்கிறது, வெளியே இதைக் கற்பிக்க நிறைய நேரம் பிடிக்கிறது. கார்கிராவை மட்டும் பழக்கமில்லாதவரிடம் கேட்காதீர்கள். தொண்டையை இறுக்கி உறுமுவதைக் கார்கிரா என்று நினைத்துச் செய்வார்கள், அரை மணி நேரத்தில் குரல் கட்டும். பழகியவருக்கும் ஒரு தடவை பதினைந்து நிமிடம், பிறகு வெந்நீரும் ஓய்வும்.

குலவையில் மைக்கைவிட முக்கியமான விஷயம் ஒன்று உண்டு. குலவை நமக்கு மங்கல ஒலி. பொங்கல் பொங்கும்போது, சாமி புறப்படும்போது இடுவது. அதை அப்படியே பேய்க் காட்சிக்கு மேலே வைத்தால் சேலத்துத் தியேட்டரில் உட்கார்ந்திருக்கும் பெண்கள் முகம் சுளிப்பார்கள், அதில் நியாயமும் உண்டு. குலவையை நேராக வைக்காமல், நீண்ட ரிவெர்பில் அனுப்பி மூலத்தை நீக்கிவிட்டு வால் மட்டும் வையுங்கள். யாரோ எங்கோ கூடியிருக்கிறார்கள் என்ற உணர்வு மட்டும் மிஞ்சும். ஐந்தாறு பேர், மைக் ஒன்றரை மீட்டர் தள்ளி, தலை உயரத்துக்கு மேலே. ப்ரீஆம்பில் 20 டிபி குறைப்புப் பொத்தானைப் போட்டுவிட்டுத் தொடங்குங்கள்.

ஒப்பாரி பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் இந்த மாதிரிப் படத்தில் யாராவது கேட்பார்கள். அந்த பங்களாவில் யாரேனும் குடியிருந்தால் அதன் உள்ளே ஒப்பாரி பாடச் சொல்லாதீர்கள். குடியிருக்கும் வீட்டுக்குள் சாவு இல்லாமல் ஒப்பாரி எழுவதைப் பாடுபவரும் ஏற்க மாட்டார், வீட்டுக்காரரும் ஏற்க மாட்டார். ஸ்டுடியோவில் வைத்துக்கொள்ளுங்கள்.

காகித வேலை: பதிவுக்கு முன்பே எழுத்தில் ஒப்பந்தம். 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 38ஆவது பிரிவு பாடகருக்கும் வாசிப்பவருக்கும் நிகழ்த்துநர் உரிமை தருகிறது, 50 ஆண்டுக்கு. 2012 திருத்தத்தில் வந்த 38ஏ பிரிவின்படி வணிகப் பயன்பாட்டில் அவர்களுக்கு ராயல்டியும் உண்டு. உருமிக்காரரிடமும் குலவை இட்ட அம்மாக்களிடமும் “நூறு இருநூறு கொடுத்தாயிற்று” என்று முடித்துவிடும் வழக்கத்தை இந்தப் படத்தோடு நிறுத்துங்கள். டைட்டிலில் அவர்கள் பெயரும் டுடுக் வாசித்தவர் பெயர் இருக்கும் அதே அளவு எழுத்தில் வரட்டும். மலையாளி பழங்குடி மக்களின் (கேரளத்தவர் அல்ல, இந்த மலையில் வாழ்பவர்கள்) பாட்டைப் பதிவதாக இருந்தால் ஊர்ப் பெரியவர்களிடம் சொல்லி, எங்கே பயன்படுகிறது என்ற காட்சியைக் காட்டிவிட்டுச் செய்யுங்கள். சேர்வராயன் குகைக் கோயிலுக்குள் மைக் வைக்கும் யோசனை இருந்தால் கைவிடுங்கள்; எதிரொலி வேண்டுமென்றால் வேறு வழிகள் இருக்கின்றன.

---

கடைசி_கலவை:

மிக்ஸ் மேசையிலிருந்து பார்த்தால் இந்த இசையின் முதல் எதிரி வசனம்தான், சத்தமில்லாத படமாக இருந்தாலும். ஏ டுடுக்கின் வீச்சு ஏறக்குறைய 185இலிருந்து 490 ஹெர்ட்ஸ். பெண் குரல் பேசும் அடிச்சுரம் 165இலிருந்து 255 வரை. இரண்டும் ஒரே நாற்காலியில் உட்கார்கின்றன. இக்யூவில் (அதிர்வெண்களைக் கூட்டிக் குறைக்கும் கருவியில்) இதைப் பிரிக்க முடியாது; பிரித்தால் டுடுக் தகர டப்பாவாகும். இசை எழுதும்போதே கதாநாயகி பேசும் இடத்தில் டுடுக் மூச்சு வாங்கட்டும், தம் மட்டும் ஓடட்டும். சீவாளியின் காற்றுச் சத்தம் 2இலிருந்து 4 கிலோஹெர்ட்ஸில் மெய்யெழுத்துகளை மறைக்கும், அங்கே மட்டும் 2, 3 டிபி குறைத்தால் போதும்.

பனியைப் பற்றிய உங்கள் கேள்விக்கு: மேலே வெட்டாதீர்கள். எல்லோரும் பனி என்றதும் கம்பளி போர்த்திய ஒலியை நினைக்கிறார்கள். உண்மையில் உலர்ந்த காற்றுதான் மேல் அதிர்வெண்களை அதிகம் விழுங்கும். ஈரக் காற்றில் அவை இன்னும் தொலைவு போகும். பனி இறங்கிய காலையில் தூரத்துக் கோடாலிச் சத்தம் காதருகே கேட்பது போலிருக்கும். கண்ணுக்கு எதுவும் தெரியாது, காதுக்கு எல்லாம் தெளிவு. அந்தப் படத்தின் பயமே அங்கேதானே இருக்கிறது. சில்வர் ஓக் தோப்பில் பெரிய மண்டப எதிரொலி கிடையாது. மரங்கள் ஒலியைச் சிதறடிக்கும், ஒரு வினாடியைச் சுற்றி அடங்கிவிடும். ஹால் ரிவெர்ப் போடாமல் இடத்தையே பதிந்து வாருங்கள்: ஒரு நல்ல ஸ்பீக்கரில் 20 வினாடி சைன் ஸ்வீப் (கீழிருந்து மேல்வரை ஏறும் சோதனை ஒலி) ஓடவிட்டு, 20 மீட்டர் தள்ளி இரண்டு மைக்கில் பிடித்து, அதிலிருந்து எதிரொலி வடிவத்தை எடுக்கலாம். பலூன் உடைப்பது சுலபம், ஆனால் கீழ் அதிர்வெண் போதாது. விடியற்காலை நாலரைக்கு வண்டி ஓட்டம் இராது. ஆனால் அந்த நேரம் எஸ்டேட்டுக்குள் காட்டெருமை நடமாடும் நேரம், காவலாளி துணையில்லாமல் இறங்க வேண்டாம். எஸ்டேட் எல்லையைத் தாண்டி வனப்பகுதி என்றால் வனத்துறை அனுமதி வேண்டும்.

தியேட்டர் கணக்கு: மிக்ஸ் அறை ஒரு சேனலுக்கு 85 டிபியில் அளவு செய்யப்பட்டிருக்கும், ஃபேடர் (ஒலி அளவுக் கட்டுப்பாடு) 7இல். பல ஊர்த் தியேட்டர்களில் ஃபேடர் 5இல்தான் ஓடும், கூடவே ஏசி இரைச்சல். காற்றா இசையா என்று தெரியாத மெல்லிய தொடக்கங்கள் அங்கே இசையும் இல்லை காற்றும் இல்லை என்றாகிவிடும். ஒவ்வொரு தொடக்கத்தையும் ஃபேடர் 5இல், மின்விசிறியைப் போட்டுவிட்டு ஒரு முறை கேளுங்கள். உருமியின் அடிநாதத்தை 30 ஹெர்ட்ஸில் தேடாதீர்கள், 60இலிருந்து 120க்குள் உயிர் இருக்கிறதா என்று பாருங்கள். சின்னத் தியேட்டரில் அதுதான் மிஞ்சும். நெட்ஃபிளிக்ஸ் மாதிரித் தளத்துக்குத் தனி மிக்ஸ்: வசன அளவு மைனஸ் 27 LKFS (ஒலி உரப்பு அலகு), இரண்டு கூடக் குறைய இருக்கலாம், உச்சம் மைனஸ் 2 டிபியைத் தாண்டக் கூடாது.

ஸ்டெம்களை (இசையைப் பிரித்துக் கொடுக்கும் தனித்தனி ஒலித் தொகுதிகளை) ஐந்தாகக் கொடுங்கள்: ஆதாரச் சுருதி, குழல்கள், உலோகம், தோல், குரல். எல்லாம் ஒரே இடத்தில் தொடங்கட்டும், முதல் ஃபிரேமுக்கு இரண்டு வினாடி முன்னால் ஒரு ஃபிரேம் நீளத்துக்கு 1 கிலோஹெர்ட்ஸ் பீப். உலோகத்தைக் குரலோடு சேர்த்து ஒரே ஸ்டெமாகக் கொடுக்காதீர்கள். வாட்டர்ஃபோனை ஒரு காட்சியில் எடுத்துவிடச் சொல்லி இயக்குநர் கேட்பது நிச்சயம்.

---

ஓட்டுக்கூரை:

ஈபோ கேள்வி விடுபட்டிருக்கிறது. பயன்படும், ஆனால் எஃகுத் தந்திகளில் மட்டும். அது காந்தத்தால் தந்தியை ஆட்டுகிறது. தம்பூராவின் மந்தர ஷட்ஜத் தந்தி பெரும்பாலும் பித்தளை அல்லது வெண்கலம், அதில் அசையாது. மூன்று தந்தியில் வைத்து வாசித்து, நாலாவதை விரலால் மீட்டித் தனி டிராக்கில் பதிந்து, மீட்டும் முதல் அரை வினாடியை மட்டும் மங்கலாக நுழையவிட்டுச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஈபோ வைக்கும்போது குதிரைக்கும் (தந்தி ஏறி நிற்கும் பாலம்) தந்திக்கும் நடுவே செருகியிருக்கும் ஜீவா நூலை எடுத்துவிட வேண்டாம். நூல் இருந்தால்தான் நீண்ட சுரத்துக்குள் மேல் மடங்குகள் ஒவ்வொன்றாக மலரும், இல்லையென்றால் வெறும் சைன் அலை போல இருக்கும். நூலை ஒரு நெல் அளவு நகர்த்தினாலே மலரும் இடம் மாறும். மேலே போனதும் ஈரத்தில் நூல் தடித்து, சேலத்தில் வைத்த இடம் தவறாகியிருக்கும். ஹாலில் அரை மணி நேரம் தம்பூராவை வைத்துவிட்டு, பிறகு நூலைச் சரிசெய்யுங்கள். பட்டு நூல் சீக்கிரம் ஊறும். பருத்தித் தையல் நூலில் மெழுகு தடவி எடுத்துப்போங்கள், நாலைந்து துண்டு கூடுதலாகவே இருக்கட்டும்.